சாக்டா மக்களின் வரலாற்றை எங்கிருந்து படிக்கத் தொடங்குவது?

கேள்வி: சென்ற ஆண்டு என் கணவர் காலமானார். அதன்பின் எதைப் படித்தாலும் மனம் ஒட்டவில்லை. 1847இல் அயர்லாந்து பஞ்சத்தில் தவித்தபோது, தாங்களே நாடிழந்து வந்திருந்த சாக்டா என்ற அமெரிக்கப் பூர்வகுடி மக்கள் பணம் திரட்டி அனுப்பினார்கள் என்று ஒரு துணுக்குப் படித்தேன். அது மட்டும் நெஞ்சை விட்டு அகலவில்லை. அவர்களுடைய வரலாற்றையும், அத்தனை இழப்புக்குப் பிறகு அவர்களில் தனிமனிதர்கள் எப்படி நிமிர்ந்தார்கள் என்பதையும் மேலும் படிக்க விரும்புகிறேன். ஆங்கிலம் நிதானமாகத்தான் படிப்பேன். புத்தகங்களுக்கு அதிகம் செலவழிக்கவும் இயலாது. வழி சொல்வீர்களா?
– வாசகி ஒருவர், திண்டுக்கல்

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் இழப்புக்கு என் ஆழ்ந்த அனுதாபங்கள்.

நீங்கள் படித்த துணுக்கு உண்மைதான். 1847 மார்ச் 23 அன்று, இன்றைய ஒக்லஹோமா மாநிலத்தின் கிழக்கு ஓரத்தில் இருக்கும் ஸ்கல்லிவில் என்ற ஊரில் நடந்த கூட்டத்தில் அந்தப் பணம் திரட்டப்பட்டது. சாக்டா மக்களோடு அரசாங்க முகவரும் கிறிஸ்தவ ஊழியர்களும் அதில் கலந்துகொண்டார்கள். சேர்ந்த தொகை 170 டாலர். சில நூல்களில் 710 என்று பார்த்தால் குழம்பிவிடாதீர்கள். எண்கள் இடம் மாறிய அச்சுப்பிழை அது. அயர்லாந்தின் கார்க் வட்டாரத்தில் உள்ள மிடில்டன் ஊர்ப் பூங்காவில், வட்டமாக நிற்கும் ஒன்பது எஃகு இறகுகள் கொண்ட சிற்பத்தை நன்றிக்கடனாக எழுப்பி, 2017இல் முறைப்படி திறந்து வைத்தார்கள். அந்தக் கொடையைப் பற்றி விரிவாக அறிய வேண்டுமானால், சாக்டா எழுத்தாளர் லீஆன் ஹௌவும் பாட்ரிக் கிர்வனும் தொகுத்து 2020இல் வெளியிட்ட ‘ஃபேமின் பாட்ஸ்’ என்ற கட்டுரைத் தொகுப்பு இருக்கிறது. ஆனால் அதை இப்போது தொட வேண்டாம் என்பேன். அந்தக் கொடை ஒரு நீண்ட கதையின் நடுவில் வரும் ஒரே ஒரு நாள். அதற்கு முந்தைய பதினாறு ஆண்டுகளைத் தெரிந்துகொண்டால்தான் அந்த 170 டாலரின் கனம் புரியும்.

முதலில் செலவில்லாத ஒரு பக்கத்தைப் படியுங்கள். பிரெஞ்சுக்காரரான அலெக்சி த டோக்வில் அமெரிக்க ஜனநாயகத்தைப் பற்றி எழுதிய புகழ்பெற்ற நூலின் முதல் பாகத்தில், அந்நாட்டின் மூன்று இனங்களைப் பற்றிய கடைசி அத்தியாயத்தில் அது வருகிறது. காப்புரிமைக் காலம் எப்போதோ முடிந்துவிட்டதால் இணைய நூலகங்களில் ஆங்கில மொழிபெயர்ப்பு இலவசமாகவே கிடைக்கிறது. 1831ஆம் ஆண்டின் இறுதியில், மெம்பிஸ் நகரில், மிசிசிப்பி ஆற்றங்கரையில் அவர் நிற்கிறார். கடுங்குளிர், தரையில் பனி இறுகிக் கிடக்கிறது, ஆற்றில் பனிக்கட்டிகள் மிதந்து போகின்றன. நோயாளிகளையும் பிறந்த குழந்தைகளையும் சாகும் தறுவாயில் இருந்த முதியவர்களையும் கூட்டிக்கொண்டு சாக்டா மக்கள் படகேறுகிறார்கள். அழுகையோ முறையீடோ எழவில்லை. எல்லோரும் ஏறிய பிறகும் கரையில் நின்றிருந்த நாய்கள், தாங்கள் கைவிடப்படுகிறோம் என்று உணர்ந்ததும் ஒருசேர ஊளையிட்டு, உறைநீரில் குதித்துப் படகின் பின்னால் நீந்தத் தொடங்கின.

அந்தக் காட்சியை அவர் எழுதிய விதம் அருமையானது. அதிலிருந்து அவர் வந்த முடிவு தவறானது. இந்த மக்கள் அழிந்துபோவார்கள், இவர்களுக்கு மீட்சியில்லை என்றே அவர் எண்ணினார். ஆற்றங்கரையில் நின்று பார்த்தவருக்கு அதற்கு மேல் தெரிந்திருக்க வாய்ப்பில்லை. மறுகரையில் இறங்கியவர்கள் என்ன செய்தார்கள் என்பதை அவர் உடன்சென்று பார்க்கவில்லை. ஆகவே, வெளியார் எழுதியவற்றில் இந்த ஒரு பக்கத்தோடு நிறுத்திக்கொண்டு, கூடியவரை சாக்டா மக்களே எழுதியவற்றுக்கு வந்துவிடுங்கள். உங்கள் கேள்விக்கு விடை இருப்பது அங்கேதான்.

அவர்கள் அந்தப் படகில் ஏற நேர்ந்த காரணத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1830 மே மாதத்தில் குடியரசுத் தலைவர் ஆண்ட்ரூ ஜாக்சன் பூர்வகுடிகளை மேற்கே அகற்றும் சட்டத்தில் கையெழுத்திட்டார். அதே ஆண்டு செப்டம்பர் 27 அன்று ‘டான்சிங் ராபிட் கிரீக்’ என்ற ஓடைக்கரையில் கையெழுத்தான ஒப்பந்தத்தின்படி, மிசிசிப்பியில் எஞ்சியிருந்த சுமார் 1 கோடியே 10 லட்சம் ஏக்கர் நிலத்தைச் சாக்டா மக்கள் விட்டுக்கொடுக்க வேண்டியதாயிற்று. 1831 தொடங்கி மூன்று ஆண்டுகளில் அவர்கள் அணி அணியாக நகர்த்தப்பட்டார்கள். குளிரிலும் பசியிலும் காலராவிலும் சுமார் 2,500 பேர் இறந்திருக்கலாம் என்பது வழக்கமாகச் சொல்லப்படும் மதிப்பீடு. விரும்பியவர்கள் மிசிசிப்பியிலேயே நிலம் பெற்றுத் தங்கலாம் என்று ஒப்பந்தத்தின் 14ஆம் பிரிவு சொன்னது. ஆனால் பதிவு செய்ய வேண்டிய அரசாங்க முகவர் பதிவேட்டில் ஏற்றியது வெறும் 69 குடும்பத் தலைவர்களை. ஆயிரக்கணக்கானோர் நிலமும் உரிமையும் இன்றி அங்கேயே தங்கிப்போனார்கள்.

இனி, இரண்டாவதாகப் படிக்க வேண்டியது ஒரு கடிதம். ஜார்ஜ் ஹார்கின்ஸ் என்ற சாக்டா இளைஞர், தம் மக்களோடு புறப்படும் வேளையில் அமெரிக்க மக்களை நோக்கி எழுதிய விடைபெறும் மடல் 1832இல் செய்தித்தாள்களில் வெளியானது. இரண்டு மூன்று பக்கங்கள்தான்; இணையத்தில் எளிதாகக் கிடைக்கும். இரு தீமைகளுக்கிடையே சிக்கிக்கொண்டோம், குறைவான தீமை என்று தோன்றியதைத் தேர்ந்தோம் என்று அவர் சொல்கிறார். எங்கள் குரல் ஒலிக்காத சட்டங்களின் கீழ் இழிந்து வாழ்வதைவிடத் துன்புற்றாலும் சுதந்திரமாக இருப்போம் என்கிறார். பிறந்த மண்ணோடு இருந்த கயிறு அறுந்துவிட்டது என்கிறார். எங்களை நிம்மதியாக விட்டுவிடுங்கள் என்பதைத் தவிர அவர் யாரிடமும் எதையும் கேட்கவில்லை. நான் படித்தவற்றுள், இழப்பை மழுப்பாமலும் மிகைப்படுத்தாமலும் சொன்ன எழுத்துகளில் இதற்கு முதலிடம் கொடுப்பேன். அந்த ஒப்பந்தத்தில் முன்னின்று கையெழுத்திட்ட தலைவர் கிரீன்வுட் லஃப்ளோர் இவருடைய தாய்மாமன் முறை. அவர் மேற்கே போகாமல் மிசிசிப்பியிலேயே பெரும் செல்வந்தராக வாழ்ந்தார் என்பதையும் மனதில் வைத்துக்கொண்டு படியுங்கள்.

உங்கள் நிலையை எண்ணி இன்னொன்றையும் சொல்கிறேன். ஜான் ஸ்வான்டன் என்ற மானிடவியலாளர், சாக்டா சமூக வாழ்வையும் சடங்குகளையும் பற்றிய பழைய குறிப்புகளைத் தொகுத்து 1931இல் அமெரிக்க அரசாங்க வெளியீடாகக் கொண்டுவந்தார். அதுவும் இலவசமாகக் கிடைக்கிறது. முழுவதையும் படிக்க வேண்டாம். இறப்புச் சடங்குகள் பற்றிய பகுதி போதும். கல்லறையைச் சுற்றிக் கழிகளை நடுவார்கள். குறிப்பிட்ட காலம் வரை உறவினர்கள் அங்கே வந்து, போர்வையால் தலையை மூடிக்கொண்டு வாய்விட்டு அழுவார்கள். காலம் முடிந்ததும் ஊரார் கூடி, அதற்கென அமர்த்தப்பட்டவர்களைக் கொண்டு அந்தக் கழிகளைப் பிடுங்கி எறிந்து, கடைசி முறையாகச் சேர்ந்து அழுது, விருந்துண்டு கலைவார்கள். துக்கத்துக்குக் காலமும் இடமும் துணையும் ஒதுக்கி வைத்திருந்த சமூகம் அது. முன்னோர் எலும்புகளை விட்டுப் பிரிவது அவர்களுக்கு எத்தகைய கொடுமையாக இருந்திருக்கும் என்பதை, சாக்டா வரலாற்றாசிரியரான டோனா ஏக்கர்ஸ் ‘லிவிங் இன் தி லேண்ட் ஆஃப் டெத்’ என்ற நூலில் விளக்குகிறார். மேற்குத் திசை அவர்கள் நம்பிக்கையில் இறந்தவர்களின் நிலம். அங்கேதான் உயிரோடு அனுப்பப்பட்டார்கள். 1830 முதல் 1860 வரையிலான முப்பதாண்டுகளைச் சொல்லும் அந்த நூலை, விலை கொடுத்து வாங்கும் ஒரே வரலாற்று நூலாக வைத்துக்கொள்ளலாம்.

மறுகரையில் என்ன நடந்தது என்று கேட்பீர்கள். போய்ச் சேர்ந்த சில மாதங்களில் எழுந்தது பள்ளிக்கூடம். 1834இல் அரசியலமைப்புச் சட்டம் எழுதினார்கள். இன்றைய ஒக்லஹோமா எல்லைக்குள் எழுதப்பட்ட முதல் அரசியலமைப்பு அதுதான். 1838இல் ஆட்சிமன்றக் கூடம் கட்டி, மிசிசிப்பியில் விட்டுவந்த, தங்கள் இனத்தின் தாயாக அவர்கள் போற்றும் பழைய மண்மேடாகிய நானி வாயாவின் பெயரை அந்த இடத்துக்கு வைத்தார்கள். 1842இல் ஆண்களுக்கும் பெண்களுக்கும் உயர்பள்ளிகள் நிறுவச் சட்டம் இயற்றினார்கள். ஐந்தே ஆண்டுகள் கழித்து அயர்லாந்துக்கான அந்தக் கூட்டம். தனிமனித மனவலிமை என்று நாம் பேசுவது அவர்களிடத்தில் பெரும்பாலும் இப்படித்தான் வெளிப்பட்டது: ஆளுக்கொரு வேலையாக, பலர் கூடி. இந்தக் காலத்தை விரிவாக எழுதியவர் ஆஞ்சி டெபோ. ‘தி ரைஸ் அண்ட் ஃபால் ஆஃப் தி சாக்டா ரிபப்ளிக்’ என்ற அவர் நூல் 1934இல் வந்தது. 710 டாலர் என்ற பிழை பரவியதற்கு அந்த நூலே காரணம் என்பர். ஆயினும் அதைத் தள்ளிவிட முடியாது. நடை சற்று இறுக்கமானது. மெதுவாகப் படிப்பவருக்கு அயர்ச்சி தரும். தலைப்பில் உள்ள வீழ்ச்சியோடு கதை முடிந்துவிடவில்லை என்பதற்கு, சாக்டா மானிடவியலாளர் வலேரி லாம்பர்ட் 2007இல் எழுதிய ‘சாக்டா நேஷன்’ சாட்சி.

தனிமனிதர்களைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். இங்கே சிறுவர் நூல் ஒன்றைத் தயங்காமல் பரிந்துரைக்கிறேன்: சாக்டா கதைசொல்லி டிம் டிங்கிள் எழுதிய ‘சால்ட்டிபை’. ஒரே அமர்வில் படித்துவிடலாம், எளிய ஆங்கிலம். அவருடைய பாட்டியின் உண்மைக் கதை அது. 1915இல் டெக்சஸின் பாசடீனாவில் புது வீட்டுக்குக் குடிவந்த முதல் நாட்களில், காலையில் வாசலுக்கு வந்த அந்த இளம் சாக்டா தாயின் முகத்தில் யாரோ ஒரு பையன் கல்லால் அடிக்கிறான். வழியும் ரத்தத்தைப் பழப்பண்டத்தின் சாறு என்று எண்ணித் தொட்டு ருசித்த இரண்டு வயது மகன், உப்புக் கரிக்கிறதே என்கிறான். குழந்தை சொன்ன அந்தச் சொல்தான் (‘உப்புப் பண்டம்’ என்று பொருள்) நூலின் பெயர். பின்னாளில் பாட்டிக்குப் பார்வை போய்விடுகிறது. பாட்டிக்குக் கண் தெரியாது என்பதே பேரனுக்குச் சில காலம் தெரியாமல் இருந்தது; வீட்டை அவர் அப்படி நடத்தினார். முதுமையில் கண் அறுவைச் சிகிச்சை நடக்கும்போது, மருத்துவமனைக் கூடத்தில் கூடிக் காத்திருக்கும் உறவினர்கள் பழைய கதைகளைப் பேசிக்கொண்டிருக்கும் பக்கங்களைத்தான் நான் மீண்டும் மீண்டும் புரட்டியிருக்கிறேன். டிங்கிளின் ‘ஹவ் ஐ பிகேம் எ கோஸ்ட்’ இடப்பெயர்வைப் பத்து வயதுச் சிறுவன் சொல்வதாக அமைந்தது. பேசுபவன் இறந்துபோனவன் என்பதால், அதைச் சற்றுத் தாமதித்துப் படிப்பது நல்லது.

மிசிசிப்பியிலேயே தங்கிவிட்டவர்களின் கதைக்கு, 1979 முதல் 2007 வரை அங்குள்ள சாக்டா மக்களின் தலைவராக இருந்த ஃபிலிப் மார்ட்டினின் தன்வரலாறு இருக்கிறது. போரில் இடிந்த ஐரோப்பா மீண்டும் எழும்புவதை விமானப்படையில் இருந்தபோது பார்த்தவர் அவர். ஊர் திரும்பி, வறுமை மண்டிய இடத்தில் தொழிற்பேட்டை அமைத்து, கார்களுக்கான மின்கம்பித் தொகுப்புகள் செய்யும் ஆலையைக் கொண்டுவந்தார். ஒரு நிர்வாகியின் நூல் என்பதால் தம் சாதனைகளைக் கொஞ்சம் தாராளமாகவே சொல்லிக்கொள்கிறார். அதைப் பொறுத்துக்கொண்டால் நிறையக் கற்கலாம்.

ஒரு விஷயத்தில் கவனமாக இருங்கள். இந்த மக்களைக் குறையே இல்லாத தியாகிகளாக நினைத்துப் படித்தால் ஏமாற்றம் வரும். சாக்டா மக்களில் வசதியானவர்கள் கறுப்பின அடிமைகளை வைத்திருந்தார்கள். மேற்கே போனபோது அவர்களையும் அழைத்துச் சென்றார்கள். அமெரிக்க உள்நாட்டுப் போரில், அடிமைமுறையைக் காக்கப் போரிட்ட தெற்குத் தரப்போடு சேர்ந்தார்கள். 1866இல் அமெரிக்க அரசாங்கத்தோடு செய்துகொண்ட ஒப்பந்தம்தான் அந்த அடிமைமுறைக்கு முடிவு கட்டியது. விடுதலையானவர்களின் சந்ததியினருக்குக் குடியுரிமை உண்டா என்ற வழக்கு இன்றும் ஓயவில்லை. பார்பரா கிராத்தமரின் ‘பிளாக் ஸ்லேவ்ஸ், இந்தியன் மாஸ்டர்ஸ்’ இதைப் பற்றியது. அயர்லாந்துக்கு இரங்கிய அதே ஆண்டில் அந்த ஊர்களில் அடிமைகளும் இருந்தார்கள் என்பதை அறிந்த பிறகும் உங்கள் ஈர்ப்பு நிலைக்கும் என்றே நம்புகிறேன். ஆனால் அது வேறு விதமான ஈர்ப்பாக இருக்கும். அதேபோல, பூர்வகுடிப் பெரியோர் பொன்மொழிகள் என்று படத்தோடு சுற்றுகிறவற்றை ஒதுக்கிவிடுங்கள். யார், எப்போது, எங்கே சொன்னது என்று கேட்டால் பலவற்றுக்கு விடை இராது.

காசு செலவில்லாமல் ஆழமாகப் போக இரண்டு இடங்கள் உண்டு. 1930களில் வேலையில்லாத் திண்டாட்டக் கால அரசுத் திட்டத்தின் கீழ், ஒக்லஹோமா முதியவர்களை வீடு வீடாகச் சென்று பேட்டி கண்டு தட்டச்சு செய்து வைத்தார்கள். ‘இந்தியன் பயனியர் பேப்பர்ஸ்’ என்று பெயர். ஒக்லஹோமா பல்கலைக்கழகம் இணையத்தில் திறந்து வைத்திருக்கிறது. தாத்தா நடந்து வந்ததை, அம்மா சோளம் இடித்ததை, பள்ளியில் தாய்மொழி பேசி அடிவாங்கியதைச் சாதாரண மனிதர்கள் இரண்டு மூன்று பக்கங்களில் சொல்லியிருக்கிறார்கள். மெதுவாகப் படிப்பவருக்கு இதைவிடப் பொருத்தமான வாசிப்பு கிடையாது. நாளுக்கு ஒரு பேட்டி போதும். மற்றது, ஒக்லஹோமா சாக்டா அரசு நடத்தும் ‘பிஸ்கினிக்’ என்ற மாத இதழ். அதில் வரும் வரலாற்றுப் பத்தியில், வேட்டைக்கருவி முதல் பழைய உணவு வரை, அவர்களுடைய வரலாற்றுத் துறையினரே எழுதுகிறார்கள். பழைய இதழ்களும் இணையத்தில் உள்ளன.

இரவில் மனம் மிகவும் கனத்திருந்தால் ஏக்கர்ஸ் நூலையும் டோக்வில்லின் பக்கத்தையும் எடுக்காதீர்கள். அவற்றைப் பகலில் படியுங்கள். தூக்கமும் பசியும் பல வாரங்களாகக் கெட்டிருந்தால் மருத்துவரிடமும் ஒரு வார்த்தை சொல்லுங்கள்.

லீஆன் ஹௌவின் ‘ஷெல் ஷேக்கர்’ நாவலை எல்லோரும் உங்களுக்கு முதலில் சொல்வார்கள். 18ஆம் நூற்றாண்டில் ஒரு கொலையும் 1991இல் இன்னொரு கொலையும், ஒரே குடும்பத்துப் பெண்கள் வழியாகப் பின்னிக் கிடக்கும் அற்புதமான நாவல் அது. ஆனால் பெயர்களும் காலங்களும் மாறி மாறி வருவதால், வரலாறு கொஞ்சம் கைவந்த பிறகே அது திறக்கும். அதைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள்.