இறகை யாராவது ஒட்டவைத்தார்களா? – ஒரு கடிதமும் பதிலும்

வணக்கம் சார்,

நான் சத்துவாச்சாரியில் இருக்கிறேன். டைனோசர் பற்றி நீங்கள் எழுதியதை ஏழாவது படிக்கும் என் பையனுக்குப் படித்துக் காட்டினேன். கிளி மாதிரி அலகும் உடம்பெல்லாம் இறகுமாக ஓவிராப்டர் என்று ஒரு டைனோசர் படம் போட்டிருந்தீர்களே, அதைப் பார்த்துவிட்டு “கோழிக்கு வாலை ஒட்டி ஏமாத்துறாங்கம்மா” என்கிறான். எனக்கும் சந்தேகம்தான். கல்லில் எலும்பு கிடைக்கும், சரி. இறகு எப்படிக் கிடைக்கும்? நிறம் எப்படித் தெரியும்? முதலில் அதை முட்டைத் திருடன் என்றார்களாம், இப்போது நல்ல தாய் என்கிறார்களாம். நாளைக்கு இதையும் மாற்றிச் சொல்லமாட்டார்களா? அப்புறம், அவன் கேட்கச் சொன்னது: நம் வேலூர் மலையில் தோண்டினால் ஏதாவது கிடைக்குமா?

ஒரு வாசகி, வேலூர்

வணக்கம்.

பையனுக்கு முதலில் ஒரு சபாஷ் சொல்லிவிடுங்கள், ஏனென்றால் வாலை ஒட்டி ஏமாற்றுவது நிஜமாகவே நடந்திருக்கிறது. 1999-ல் நேஷனல் ஜியோகிராஃபிக் பத்திரிகை ‘ஆர்க்கியோராப்டர்’ என்று ஒரு புதைபடிவத்தைப் பெரிதாக வெளியிட்டது. சீனாவின் லியாவோனிங் மாகாணத்திலிருந்து வந்தது, பாதி பறவை, பாதி டைனோசர் என்றார்கள். பார்த்தால் அது உண்மையிலேயே பாதி பாதிதான், ஒரு பறவையின் உடம்போடு வேறொரு பிராணியின் வாலைச் சேர்த்து ஒட்டியிருந்தார்கள். சி.டி. ஸ்கேனில் துண்டுகள் ஒன்றோடொன்று பொருந்தாதது தெரிந்தது. இந்தக் கற்களைப் பலகையாகப் பிளக்கும்போது இரண்டு பக்கமும் அச்சு இருக்கும், சூ ஷிங் என்ற சீன ஆய்வாளர் அந்த வாலின் மறுபக்கக் கல்லையே கண்டுபிடித்துவிட்டார், அதில் வாலோடு சேர்ந்து இருந்தது வேறு உடம்பு. வேடிக்கை என்னவென்றால் அந்த வாலுக்குச் சொந்தமான மைக்ரோராப்டரும் இறகு வைத்த டைனோசர்தான், அதுவும் காலில்கூட நீள இறகு வைத்தது. ஒட்டாமல் அப்படியே விற்றிருந்தால் இன்னும் நல்ல விலைக்குப் போயிருக்கும்.

போலி உண்டு, அதைப் பிடித்ததும் இதே துறைக்காரர்கள்தான். அதற்காக எல்லாமே ஒட்டு வேலை ஆகிவிடாது.

இறகு சாதாரணமாகக் கல்லில் நிற்காது, மக்கிவிடும். லியாவோனிங்கில் சுமார் 12.5 கோடி ஆண்டுகளுக்கு முன் ஏரிகளும் பக்கத்திலேயே எரிமலைகளும் இருந்தன. ஏரியில் விழுந்து செத்ததை நைசான சாம்பலும் சேறும் சீக்கிரமே மூடிவிட்டன. அங்கே 1996-ல் சைனோசாராப்டெரிக்ஸ் என்ற சின்ன டைனோசர் வெளியே வந்தது, முதுகு நெடுக மயிரிழை போன்ற இறகுகளோடு. அதைப் பார்த்துவிட்டுக்கூட இது இறகில்லை, தோலுக்குள் இருந்த நார் மக்கிய அடையாளம் என்று சிலர் வாதாடினார்கள். 1998-ல் காடிப்டெரிக்ஸ் வந்தபோது அந்த வாதத்துக்கு இடமில்லாமல் போனது. மயில் அளவு பிராணி, குட்டையான தலை, அலகு, மேல்தாடை நுனியில் மட்டும் சில பற்கள். கையிலும் வால் நுனியிலும் விசிறியாக விரிந்த இறகுகள், நடுத்தண்டும் அதிலிருந்து இரு பக்கமும் பிரியும் இழைகளும் கண்ணுக்கே தெரிகின்றன. தண்டுக்கு இரண்டு பக்கமும் அகலம் சமமாக இருப்பதையும் கல்லிலேயே பார்க்கலாம். பறக்கிற பறவையின் சிறகில் முன்பக்கம் குறுகி பின்பக்கம் அகன்றிருக்கும், ஆகவே இது பறக்கவில்லை. வயிற்றுப் பகுதியில் ஒரு குவியல் பொடிக்கற்கள் வேறு. கறிக்கடையில் நாட்டுக்கோழியின் இரைப்பையைக் கீறும்போது கவனியுங்கள், கல்லும் மணலுமாகக் கொட்டும், அதே வேலைக்குத்தான் இங்கேயும் கல்.

நிறத்துக்கு வருகிறேன். நம் தலைமுடியைப் போல இறகிலும் மெலனின் என்ற நிறமி இருக்கிறது, அது நுண்ணிய பைகளில் அடைந்திருக்கும். கறுப்பு தரும் பை நீளம், செம்பட்டை தரும் பை உருண்டை. எலக்ட்ரான் நுண்ணோக்கியில் கல்லிறகைப் பார்த்தால் அந்தப் பைகளின் வடிவம் இன்னும் இருக்கிறது. 2010-ல் சைனோசாராப்டெரிக்ஸின் வாலில் செம்பழுப்பும் வெளிர் நிறமும் மாறிமாறிப் பட்டை போட்டிருந்தது இப்படித்தான் தெரிந்தது. அதே ஆண்டு ஆங்கியார்னிஸ் என்ற இன்னொன்று, கறுப்பு வெள்ளை உடம்பு, தலையில் சிவந்த கொண்டை. ஆனால் இந்த முறையில் கிளிப்பச்சையையோ மஞ்சளையோ கண்டுபிடிக்க முடியாது. நான் போட்டிருந்த படத்தில் கொண்டை நீலமாக இருந்ததே, அது ஓவியரின் இஷ்டம். அந்த இடத்தில் பையன் சந்தேகப்படட்டும், தப்பே இல்லை.

அடுத்து அந்தத் திருடன் விவகாரம். 1923-ல் அமெரிக்க இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தின் குழு, ராய் சாப்மன் ஆண்ட்ரூஸ் தலைமையில், மங்கோலியாவின் கோபி பாலைவனத்தில் ஒரு முட்டைக் கூட்டைக் கண்டது. அதன் மேலே பல்லே இல்லாத அலகு வைத்த ஒரு எலும்புக்கூடு. அந்த வட்டாரத்தில் திரும்பிய பக்கமெல்லாம் புரோட்டோசெராடாப்ஸ் என்ற வேறொரு டைனோசரின் எலும்புகள், அதனால் முட்டை அதனுடையது, மேலே கிடந்தது தின்ன வந்தது என்று தீர்மானித்துவிட்டார்கள். 1924-ல் ஹென்றி ஆஸ்பர்ன் அதற்கு ஓவிராப்டர் என்று திருட்டுப் பட்டத்தையே பெயராக வைத்தார். இந்தப் பெயர் அதன் குணத்தைத் தவறாகக் காட்டக்கூடும் என்று அவரே எழுதியும் வைத்தார், யார் கேட்டார்கள், பெயர்தான் நின்றது. பழி ஓரிடம் பாவம் ஓரிடம்.

எழுபது வருஷம் கழித்து, 1993-ல், அதே கோபியில் உக்கா தோல்கோத் என்ற இடத்தில் மார்க் நோரெல் குழுவுக்கு அதே வகை முட்டை ஒன்று கிடைத்தது, உள்ளே கருவின் எலும்புகளோடு. கரு புரோட்டோசெராடாப்ஸ் இல்லை, ஓவிராப்டர் குடும்பத்துக் குஞ்சு. 1995-ல் இன்னொன்றும் வெளியானது, முட்டைகள் மேல் உட்கார்ந்தபடியே மணலில் புதைந்த, அதே குடும்பத்துப் பெரிய விலங்கு ஒன்று, இப்போது சிதிபதி என்று அழைக்கப்படுகிறது.

அது உட்கார்ந்திருக்கிற விதத்தைக் கொஞ்சம் கிட்டே போய்ப் பார்க்கவேண்டும். முட்டைகள் கோழிமுட்டை மாதிரி இல்லை, நீளமானவை, இரண்டிரண்டாக ஜோடி சேர்த்து, வட்டமாக, அடுக்கடுக்காக, பாதி மண்ணில் புதைத்து வைத்தவை. வட்டத்தின் நடுவில் முட்டை இல்லை. அந்தக் காலி இடத்தில் காலை இரு பக்கமும் மடக்கி உட்கார்ந்து, இரண்டு கைகளையும் பின்னோக்கி வளைத்து முட்டை வட்டத்தைச் சுற்றிப் போட்டிருக்கிறது. அடைக்கு உட்கார்ந்த கோழி முட்டை மேலேயே நெஞ்சைப் பதிக்கும், இது பாரத்தை நடுவில் இறக்கிவிட்டு ஓரத்தை மட்டும் மூடுகிறது. இந்தக் குடும்பத்தில் உடம்பு பெரிதாகப் பெரிதாக நடுவில் விடும் இடமும் பெரிதாகிறது. 8 மீட்டர் நீளமும் ஒரு டன்னுக்கு மேல் எடையுமாக ஜைகாண்டோராப்டர் என்று ஒன்று இதே குடும்பத்தில் இருந்தது, அந்த உடம்பு முட்டை மேல் உட்கார்ந்தால் ஆம்லெட்தான்.

இங்கே ஒன்றைச் சொல்லியாகவேண்டும். கோபி மணலில் இறகு பதியவில்லை, எலும்பு மட்டும்தான். சிதிபதிக்கு இறகு இருந்தது என்பது ஊகம். ஆனால் காடிப்டெரிக்ஸ் இதே கூட்டத்தைச் சேர்ந்தது, அதன் கையில் இறகைக் கண்ணால் பார்த்தாகிவிட்டது, அந்த மாதிரி இறகு இல்லாமல் மெலிந்த கையை முட்டை மேல் விரித்துவைத்து என்ன பிரயோஜனம்? இதை வலுவான ஊகம் என்பேன். ‘நல்ல தாய்’ என்பதை மட்டும் நான் எழுதமாட்டேன். 2008-ல் வந்த ஓர் ஆய்வு, இவற்றில் அடைகாத்தது அப்பாவாக இருக்கலாம் என்றது. முட்டையிடும் பெண் பறவையின் எலும்புக்குள் ஓட்டுக்காகச் சுண்ணாம்புச் சத்து சேர்த்துவைக்கும் தனி அடுக்கு ஒன்று உருவாகும், கூட்டின் மேல் கிடைத்த இந்த எலும்புகளில் அது காணவில்லை. இதற்கு மறுப்பும் உண்டு. ஆக நீங்கள் கேட்டதுபோல நாளைக்கு மாறலாம் என்றால் இது மாறலாம், நிறம் மாறலாம். முட்டைக்குள் இருந்த குஞ்சு யாருடையது என்பது மாறப்போவதில்லை.

முட்டை ஏன் ஜோடி என்பதற்கும் கல்லிலேயே பதில் இருக்கிறது. 2005-ல் வெளியான ஓர் ஆய்வில், சீனாவில் கிடைத்த இதே குடும்பத்துப் பெண் டைனோசர் ஒன்றின் இடுப்பெலும்புக்குள் ஓடு முற்றிய முட்டைகள் இரண்டு, பக்கத்துக்கு ஒன்றாக. கோழிக்கு இடது பக்கக் கருக்குழாய் மட்டும்தான் வேலை செய்யும். முதலைக்கு இரண்டும் உண்டு, ஆனால் எல்லா முட்டையையும் ஒரே மூச்சில் இட்டுவிடும். இது இரண்டுக்கும் நடுவில், குழாய் இரண்டு, ஒரு தடவைக்கு ஒவ்வொன்றிலும் ஒரே முட்டை. 2021-ல் வெளியான இன்னொரு சீன முட்டை சுமார் 17 செ.மீ. நீளம், ஓட்டுக்குள் கரு தலையைக் காலுக்கு நடுவே குனிந்து முதுகை வளைத்துச் சுருண்டிருக்கிறது. பொரிக்கப்போகும் கோழிக்குஞ்சு உள்ளே திரும்பிச் சுருளுமே, ஏறக்குறைய அதே தோரணை. பறவைக்கும் டைனோசருக்கும் உறவு உண்டு என்பதற்கு எனக்கு இறகைவிட இதுதான் பெரிய ஆதாரம். உடம்பின் தோற்றம் ஒத்துப்போவது ஒரு பக்கம், முட்டைக்குள் படுக்கிற பழக்கமே ஒத்துப்போகிறது.

சரி, வேலூர். உங்கள் வீட்டுக்குப் பின்னால் தெரிகிற மலையை உடைத்து ஜல்லியாக்கினாலும் ஒன்றும் கிடைக்காது. நம் பக்கத்துப் பாறைகள் கிட்டத்தட்ட 250 கோடி ஆண்டு பழசு, பூமிக்குள் ஆழத்தில் வெந்து உருமாறியவை, டைனோசர் வருவதற்குப் பல யுகம் முன்பே கெட்டிப்பட்டுவிட்டன. பாலாற்று மணலோ ரொம்பப் புதுசு.

அவன் பார்க்கவேண்டிய இடம் அரியலூர். அங்கே பெரும்பகுதி பழைய கடலடி, அதனால்தான் கடல் உயிர்களின் படிவு அவ்வளவு கிடைக்கிறது. 2020-ல் பெரம்பலூர் மாவட்டம் குன்னத்தில் ‘டைனோசர் முட்டை’ என்று வாட்ஸப்பில் பறந்ததும் கடல் படிவு உருண்டைகள்தான். ஆனால் கல்லமேடு என்ற இடத்தில் மட்டும் நிலத்துப் படிவும் இருக்கிறது. அங்கிருந்து 2013-ல் ஒரே ஒரு பல்லை வைத்து ட்ரூடாண்டிட் என்று ஓர் ஆய்வுக்கட்டுரை வந்தது. ட்ரூடாண்டிட் என்பது பறவைக்கு மிக நெருங்கிய, இறகு வைத்த சின்ன டைனோசர் கூட்டம், அதுவரை வட கண்டங்களில் மட்டும் தெரிந்தது. அந்தப் பல்லுக்குச் சொந்தமான பிராணி வாழ்ந்த காலத்தில் இந்தியா கடலுக்கு நடுவே தனித்துக் கிடந்த நிலம், இது எப்படி இங்கே வந்தது என்பது நல்ல கேள்வி. ஒற்றைப் பல்லை வைத்துக் குடும்பம் சொல்வதை நான் அரை மனதோடுதான் ஏற்கிறேன், தாடை ஒன்று கிடைத்தால் பேசலாம்.

லீவு விட்டதும் கூட்டிப்போங்கள், வாரணவாசியில் புதைபடிவ அருங்காட்சியகம் இருக்கிறது. சுண்ணாம்புக்கல் சுரங்கங்களுக்குள் மட்டும் அனுமதி இல்லாமல் இறங்கவேண்டாம். அடுத்த கேள்வியை அவனையே எழுதச் சொல்லுங்கள்.