நிலமே அடித்தளம்: சர் ஜார்ஜ் சாவிலின் வாழ்க்கை

18ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் நிலக்கிழார், மிலிஷியா எனும் உள்நாட்டுக் காவல் படையின் அதிகாரி, நாடாளுமன்ற உறுப்பினர் என்ற மூன்று நிலைகளிலும் ஒருவரே இருந்தது எப்படி, அத்தகையவர்களில் நினைவில் வைக்கத் தக்கவர் யாரேனும் உண்டா என்று கேட்டிருக்கிறீர்கள். யார்க்‌ஷயர் கவுன்டியின் (மாவட்டம் போன்ற பகுதி) உறுப்பினராக 1759 முதல் 1783 வரை நாடாளுமன்றத்தின் கீழவையான காமன்ஸ் சபையில் இருந்த சர் ஜார்ஜ் சாவிலையே நான் சொல்வேன்.

மூன்றுக்கும் அடிப்படை நிலந்தான். கவுன்டி உறுப்பினராக நிற்பவருக்கு ஆண்டுக்கு 600 பவுண்டு வருமானம் தரும் நிலமும், வாக்களிப்பவருக்கு ஆண்டுக்கு 40 ஷில்லிங் மதிப்புள்ள நிலமும் இருக்க வேண்டும் என்பது சட்டம். பிரான்சுடன் போர் நடந்துகொண்டிருந்தபோது உள்நாட்டுக் காவலுக்காக 1757இல் வந்த மிலிஷியா சட்டமும் அதிகாரிகளை நிலத்தைக் கொண்டே அளந்தது. கர்னல் பதவிக்கு ஆண்டுக்கு 400 பவுண்டு வருமானம் தேவைப்பட்டது. சிப்பாய்களுக்கோ வேறு வழி. ஊர்தோறும் 18 முதல் 50 வயது வரையுள்ள ஆண்களைப் பட்டியலிட்டு, சீட்டுக் குலுக்கலில் பெயர் விழுந்தவரை மூன்றாண்டு சேவைக்கு எடுத்தார்கள். வசதியுள்ளவர் பணம் கொடுத்துத் தம் இடத்தில் வேறொருவரை அனுப்பிவிடலாம். ஏழைகளின் தலையில் மட்டுமே விழுந்த இந்தச் சுமையை எதிர்த்து யார்க்‌ஷயரிலேயே கலகம் மூண்டது. அந்தக் கவுன்டியின் மேற்குப் பகுதியான மேற்கு ரைடிங்கின் மிலிஷியாவுக்குத்தான் சாவில் பிறகு கர்னலாக இருந்தார்.

1726இல் பிறந்து, 1743இல் தந்தையின் பட்டத்தையும் ரஃபோர்ட், தார்ன்ஹில் முதலிய பெரும் பண்ணைகளையும் பெற்ற அவருக்குப் பதவியின் தயவு தேவைப்படவில்லை. 1765இல் பிரதமர் ராக்கிங்ஹாம் தம் அமைச்சரவையில் இடம் தர முன்வந்தபோதும் ஏற்கவில்லை. யாரோ எப்போதோ எழுதிய பழைய உரிமையைக் காட்டி அரசு ஒருவர் நிலத்தைத் திடீரெனக் கோருவதைத் தடுக்க மசோதா கொண்டுவந்தார். 60 ஆண்டுகளாக ஒருவர் கைவசம் வைத்து அனுபவித்துவரும் நிலத்தின் மீது அரசு உரிமை கோர முடியாது என்று 1769இல் அது சட்டமாயிற்று. இதைச் சொந்த வர்க்கத்தின் நலன் என்று ஒதுக்கிவிடலாம். ஆனால் அதே அக்கறையை அவர் தம் புராட்டஸ்டன்ட் பிரிவைச் சேராத கத்தோலிக்கருக்கும் நீட்டினார் என்பதால்தான் அவரை நான் மதிக்கிறேன்.

17ஆம் நூற்றாண்டின் இறுதியில் இயற்றப்பட்ட சட்டமொன்று, கத்தோலிக்கர் நிலம் வாங்குவதையும் வாரிசாகப் பெறுவதையும் தடுத்தது; பள்ளி நடத்தும் கத்தோலிக்கருக்கும் பாதிரியாருக்கும் ஆயுள் சிறை விதித்தது; பாதிரியாரைப் பிடித்துக்கொடுப்பவருக்கு 100 பவுண்டு வெகுமதி தந்தது. நிலமே வாக்கும் பதவியும் மரியாதையுமாக இருந்த நாட்டில் நிலத்தை மறுப்பது ஒரு குடும்பத்தையே சமூகத்திலிருந்து வெளியேற்றுவதாகும் என்பதைப் பெருநிலக்கிழாரைவிட யார் நன்றாக உணர்ந்திருக்க முடியும்? அரசருக்கு விசுவாசமாக இருப்பதாகப் பிரமாணம் எடுக்கும் கத்தோலிக்கருக்கு இத்தண்டனைகளை நீக்கும் மசோதாவை 1778 மே மாதம் சாவில் முன்வைத்தார், அது நிறைவேறியது.

அதற்கான விலையை இரண்டாண்டில் கொடுத்தார். 1780 ஜூனில் ஜார்ஜ் கார்டன் பிரபுவின் தலைமையில் சட்டத்தை ரத்து செய்யக் கோரி நாடாளுமன்றத்துக்குத் திரண்ட கூட்டத்தால் லண்டனில் பல நாள் கலவரம் மூண்டது. லெஸ்டர் சதுக்கத்தில் சாவிலின் வீட்டைத் தாக்கியவர்கள், முன்புறத்து இரும்புக் கிராதிகளைப் பிடுங்கி ஆயுதமாக்கிக்கொண்டு, தட்டுமுட்டுச் சாமான்களை வெளியே இழுத்துப்போட்டுக் கொளுத்தினார்கள். இராணுவம் சுட்டதில் 200க்கும் மேற்பட்டோர் மாண்டனர். அந்த அச்சத்தின் நிழலில், புராட்டஸ்டன்ட் பிள்ளைகளுக்குக் கத்தோலிக்கர் கல்வி கற்பிப்பதைக் கட்டுப்படுத்தும் மசோதாவைச் சாவிலே கொண்டுவந்தார். அது சட்டமாகவில்லை என்றாலும், அவர் சற்றுப் பின்வாங்கினார் என்பதே என் கருத்து. ஆயினும் 1778 சட்டத்தை அவரும் கைவிடவில்லை, நாடாளுமன்றமும் ரத்து செய்யவில்லை.

அமெரிக்கக் குடியேற்றங்களின் மீதான போரை எதிர்த்ததும், அரசின் வீண்செலவைக் குறைக்கக் கோரிய யார்க்‌ஷயர் நிலவுடைமையாளர்களின் மனுவை 1780 பிப்ரவரியில் சபையில் அளித்ததும் தனியே எழுத வேண்டியவை. உடல்நலம் குன்றி 1783 நவம்பரில் பதவி விலகிய சாவில், அடுத்த ஜனவரி 10 அன்று காலமானார். திருமணம் செய்துகொள்ளாதவர் என்பதால் பட்டம் வேறு கிளைக்குப் போயிற்று. கத்தோலிக்கர் சட்டப்படி வழிபட 1791 வரையும், நாடாளுமன்றத்தில் அமர 1829 வரையும் காத்திருக்க நேர்ந்தது.