தியேட்டர் யார் கையில்?

ஹாலிவுட் கம்பெனிகள் படம் எடுக்கின்றன, நாம் பார்க்கிறோம். உலகத்தின் ரசனையையே அவர்கள்தான் தீர்மானிக்கிறார்கள் என்பது கொஞ்சம் ஓவர் இல்லையா? (கோவில்பட்டி வாசகர்)

ஓவர் இல்லை சார். ஆனால் அவர்கள் பலம் படம் எடுப்பதில் இல்லை, அதைக் காட்டுகிற இடத்தைக் கைக்குள் வைத்திருப்பதில்தான். 1930களில் பாரமவுண்ட், எம்ஜிஎம், வார்னர், ஃபாக்ஸ், ஆர்கேஓ என்ற ஐந்து கம்பெனிகள் படத்தையும் எடுத்து, விநியோகமும் செய்து, பெரிய நகரங்களின் நல்ல தியேட்டர்களையும் சொந்தமாக வைத்திருந்தன. வெளித் தியேட்டர்காரர் ஒரு பெரிய நட்சத்திரத்தின் படம் கேட்டுப் போனால், கூடவே ஒரு கட்டு சுமார் படங்களையும், சில சமயம் இன்னும் எடுக்கவே ஆரம்பிக்காத படங்களையும் சேர்த்து வாங்கியாக வேண்டும். சர்க்கரை வேண்டுமென்றால் சோப்பும் வாங்கு என்கிற ரேஷன் கடைக் கதைதான். 1948-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றத் தீர்ப்பு இதற்கு ஆப்பு வைத்தது, தியேட்டர்களை விற்க வேண்டி வந்தது.

தியேட்டர் போனதே தவிர பிடி போகவில்லை. 2017-ல் 'ஸ்டார் வார்ஸ்: தி லாஸ்ட் ஜெடாய்' வந்தபோது அமெரிக்கத் தியேட்டர்களிடம் டிஸ்னி கேட்டது டிக்கெட் வசூலில் 65 சதவீதம், அதோடு இருப்பதிலேயே பெரிய அரங்கில் நான்கு வாரம், மீறினால் மேலும் 5 சதவீதம். ஒரே ஒரு திரை உள்ள சின்ன ஊர்த் தியேட்டருக்கு இது எப்படிக் கட்டுபடியாகும்? ஊரே முதல் வாரத்தில் பார்த்து முடித்துவிடும், மிச்ச மூன்று வாரம் காலி நாற்காலிக்குப் படம் ஓட்ட வேண்டியதுதான். சில தியேட்டர்கள் படமே வேண்டாம் என்று விட்டன. அந்த 1948 தீர்ப்பையொட்டி வந்த கட்டுப்பாடுகளையும் 2020-ல் நீதிமன்றம் விலக்கிக்கொண்டது. இப்போது சொந்தப் படம், சொந்த ஓடிடி. தியேட்டரே நம் வீட்டு ஹாலுக்கு வந்துவிட்டது.

அதற்கும் நமக்கும் என்ன சம்பந்தம்? (தஞ்சை வாசகி)

2019-ல் ஃபாக்ஸ் கம்பெனியின் பெரும்பகுதியை டிஸ்னி சுமார் 7,130 கோடி டாலருக்கு வாங்கியபோது கூடவே ஸ்டார் இந்தியாவும் வந்தது, அதற்குள் விஜய் டிவியும் இருந்தது. மாமியார் மருமகள் சண்டைக்கு முதலாளி மிக்கி மவுஸ்! 2024-ல் ஸ்டார் இந்தியா ரிலையன்ஸின் டிவி, ஓடிடி தொழிலோடு இணைந்த பிறகு, அந்தக் கூட்டுக் கம்பெனியில் டிஸ்னியின் பங்கு 37 சதவீதத்துக்குச் சற்றுக் கீழே.

இவ்வளவு பணம் இருந்தால் எதையும் ஓட வைத்துவிடலாமா? (சேலம் வாசகர்)

முடியாது. 2012-ல் 'ஜான் கார்ட்டர்' என்ற படத்தில் சுமார் 20 கோடி டாலர் நஷ்டம் என்று டிஸ்னியே அறிவித்தது. அதே வருடம் அக்டோபரில், ஏற்கெனவே ஓடிக் காட்டிய 'ஸ்டார் வார்ஸை' லூகாஸ் ஃபிலிம் கம்பெனியோடு சேர்த்து 405 கோடிக்குப் பேசி முடித்தார்கள். டாலரில்தான்!