போட்டுக்க கண்ணு

அன்புள்ள ஐயா,

திருப்பூர் பனியன் கம்பெனிகளில் வேலை செய்யும் பெண்களைப் பற்றி இரண்டு வருடமாக ஓர் ஆவணப்படம் எடுத்து வருகிறேன். ஒரு அக்கா ராத்திரி ஷிப்ட், சம்பளப் பிடித்தம், சூப்பர்வைசர் பேசும் பேச்சு எல்லாவற்றையும் கேமரா முன்னால் சொல்லிவிட்டார். முகத்தை மறைக்கட்டுமா என்றால், “எதுக்கு? போட்டுக்க கண்ணு” என்கிறார். படம் வந்தால் அவர் வேலை போய்விடும். கையெழுத்து வாங்கியாச்சே, அப்புறம் என்ன என்கிறார்கள் நண்பர்கள். எனக்கு மனசு ஒப்பவில்லை.

ஒரு வாசகி

அன்புள்ள வாசகிக்கு,

கையெழுத்தை விடுங்கள். நாளைக்குப் பிரச்சினை வந்தால் அது உங்களுக்குத்தான் உதவும், அந்த அக்காவுக்கு உதவாது.

கடிதத்தைப் படித்ததும் எனக்கு ஜோஷுவா ஓப்பன்ஹைமர் ஞாபகம்தான் வந்தது. இந்தோனேசியாவில் படுகொலை செய்தவர்களையே வைத்து ‘தி ஆக்ட் ஆஃப் கில்லிங்’ என்ற ஆவணப்படம் எடுத்த அமெரிக்கர். அவர் இந்தோனேசியாவுக்குப் போனது கொலைகளைப் படமெடுக்க அல்ல. 2001-இல் வடக்கு சுமத்ராவில் எண்ணெய்ப்பனைத் தோட்டத் தொழிலாளர்களோடு ஒரு படம் எடுக்கப் போனார். களைக்கொல்லி அடிக்கும் பெண்கள் பாதுகாப்பு உடை கேட்டார்கள், கம்பெனி அடியாட்களை அனுப்பியது, உடனே அடங்கிப் போனார்கள். ஏன் என்று விசாரித்தால், 1965-66-இல் கம்யூனிஸ்ட் என்று சொல்லி ஐந்து லட்சம் பேருக்கு மேல் கொன்றார்களே, அதில் செத்தவர்களின் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள் அவர்கள். கொன்றவர்கள் அதே ஊரில் செல்வாக்கோடு இருந்தார்கள். அப்புறம் பத்து வருடத்துக்கும் மேலாக அவர் அந்த விஷயத்தை விடவில்லை.

உங்களுக்கு வேண்டியது அவருடைய இரண்டாவது படம், ‘தி லுக் ஆஃப் சைலன்ஸ்’, 2014. அதில் வரும் ஆதி வீடு வீடாகப் போய்க் கண் பார்த்து மூக்குக்கண்ணாடி விற்பவர். அவருடைய அண்ணனை அவர் பிறப்பதற்கு முன்பே கொன்றுவிட்டார்கள். கொன்ற கூட்டத்தைச் சேர்ந்த கிழவர்களுக்குக் கண் சோதிக்கும் கண்ணாடி ஃபிரேமை மாட்டி, ஒவ்வொரு லென்ஸாக மாற்றி, இப்போது தெரிகிறதா என்று கேட்டுக்கொண்டே அந்தப் பழைய கதையையும் கேட்பார். கண்ணில் அந்த வட்ட ஃபிரேமோடு உட்கார்ந்திருக்கும் கிழவரின் முகத்தை என்னால் மறக்கவே முடியவில்லை.

அவர்களைச் சந்திக்க வேண்டும் என்று கேட்டதே ஆதிதான். ஓப்பன்ஹைமர் முதலில் முடியவே முடியாது, ஆபத்து என்றார். ஆதி விடவில்லை. ஓப்பன்ஹைமர் கொடுத்த சின்னக் கேமராவில் தானே எடுத்த ஒரு காட்சியைப் போட்டுக் காட்டினார்: நினைவு தப்பிப்போன வயசான அப்பா, சொந்த வீட்டுக்குள்ளேயே வழி தெரியாமல் தவழ்ந்து போகிறார். அப்பாவின் பயம் என் பிள்ளைகளுக்கும் வரக்கூடாது என்றார். அதன் பிறகுதான் ஓப்பன்ஹைமர் சம்மதித்தார்.

சம்மதித்ததோடு நிற்கவில்லை என்பதுதான் எனக்கு முக்கியம். செல்வாக்குள்ளவர்களைப் பார்க்கப் போகும்போது ஆதியிடம் அடையாள அட்டை இருக்காது. பின்தொடர்ந்து வந்தால் தப்பிக்க வேறு கார் தயாராக நிற்கும். குடும்பம் பெட்டி கட்டிக்கொண்டு விமான நிலையத்தில் காத்திருக்கும். படம் வெளிவரும் முன்பே அந்தக் குடும்பம் நாட்டின் வேறொரு பகுதிக்குக் குடிமாறிவிட்டது. படக்குழுவில் இருந்த உள்ளூர் ஆட்கள் இரண்டு படங்களிலும் டைட்டிலில் ‘அனானிமஸ்’ என்றுதான் வருகிறார்கள், இணை இயக்குநர் உட்பட. இத்தனை வருட உழைப்புக்குப் பெயரே போட்டுக்கொள்ள முடியாத அவர்களை நினைத்தால் எனக்குத் தொண்டை அடைக்கிறது. (கொலைகாரர்களிடம் ஓப்பன்ஹைமர் எல்லாவற்றையும் மனம் திறந்து சொல்லிவிட்டுத்தான் எடுத்தாரா என்ற கேள்வி எனக்கு இன்றும் உண்டு. அது வேறு விவாதம்.)

சரி, உங்கள் விஷயம். அக்கா துணிச்சலாகச் சொல்கிறார், அதை நீங்கள் மதிக்க வேண்டும். முகத்தை மறைத்தே தீருவேன் என்று அவருக்காக நீங்கள் முடிவெடுக்காதீர்கள். ஆனால் வேலை போனால் மறுமாதம் வாடகைக்கு என்ன வழி, வேறு கம்பெனியில் சேர்த்துக்கொள்வார்களா, சங்கத்தில் யார் கூட நிற்பார்கள், வீட்டில் யாருக்கெல்லாம் தெரியும், இதையெல்லாம் அவரோடு உட்கார்ந்து பேசினீர்களா? கடிதத்தில் அது இல்லை. பேசுங்கள். எடிட் முடிந்ததும் வேறு யாருக்கும் முன்னால் அவருக்குப் போட்டுக் காட்டுங்கள், ஞாயிற்றுக்கிழமை, அவர் வீட்டிலேயே. பார்த்துவிட்டு வேண்டாம் என்றால், அது படத்திலேயே நல்ல காட்சியாக இருந்தாலும், வெட்டிவிடுங்கள்.