கோதை என்ற பெயர்: கேட்டவர்களுக்கு என் பதில்கள்

பெண் குழந்தைக்குக் கோதை என்று பெயர் வைக்கலாமா என்று ஒருவர் கேட்கப்போய், அவர் பின்னாலேயே வரிசையாகக் கேள்விகள் வந்துவிட்டன. என் பாட்டி பெயர் கோதை. முப்பது வருடம் பள்ளியில் தமிழ் சொல்லிக்கொடுத்ததில் இந்தச் சொல்லை எங்கே பார்த்தாலும் நின்று பார்க்கும் பழக்கம் வந்துவிட்டது. தெரிந்ததைச் சொல்கிறேன்.

டீச்சர், கோதை என்றால் மாலை என்கிறார்கள், கூந்தல் என்கிறார்கள், சும்மா 'பெண்' என்றும் போட்டிருக்கிறது. எதுதான் சரி?

மூன்றும் சரிதான், ஆனால் வரிசை தெரிந்தால்தான் சொல் பிடிபடும். கோத்தல் என்ற வினையை நினைத்துக்கொள்ளுங்கள். பூவைக் கோக்கிறோம், முத்தைக் கோக்கிறோம், ஊசியில் நூல் கோக்கிறோம். அந்த வினைக்கு உறவான சொற்கள்தான் கோவையும் கோதையும். ஆக முதல் பொருள் கோத்த பூமாலை. அந்த மாலை ஏறி உட்காரும் இடம் கூந்தல் என்பதால் கூந்தலுக்கும் அதுவே பெயராயிற்று, பிறகு அந்தக் கூந்தலை உடைய பெண்ணுக்கும் ஆயிற்று. 'பொற்றொடி வந்தாள்' என்று இலக்கண வகுப்பில் படித்திருப்பீர்கள், வளையலைச் சொல்லி வளையல் போட்டவளைக் குறிப்பது. அதே மாதிரிதான் பூங்கோதை வந்தாள் என்பதும்.

தமிழில் மாலைக்கு எத்தனை சொல் இருக்கிறது பாருங்கள்: தார், கண்ணி, தெரியல், தொடையல், பிணையல், தாமம். இவற்றில் தார் ஆண்களுடையது, கோதை பெண்களுடையது என்று பொதுவாகப் பிரித்துச் சொல்வார்கள். அந்தப் பிரிவு எப்போதும் நிற்காது. ஏன் என்பது கீழே வருகிறது.

கோதை என்பது 'கோதா' என்ற சமஸ்கிருதப் பெயரின் தமிழ் வடிவம்தானே? 'கோ' என்றால் பூமி, 'தா' என்றால் தருவது, பூமி தந்த பெண் என்று எங்கள் வீட்டுப் பெரியவர் விளக்கினார்.

பெரியவர் சொன்ன விளக்கம் மரபில் இருக்கிறது, அழகான விளக்கம். ஸ்ரீவில்லிபுத்தூரில் பெரியாழ்வார் நந்தவனத்தில் துளசிச் செடி அருகே மண்ணில் கண்டெடுத்த குழந்தைதான் ஆண்டாள் என்ற வரலாற்றோடு அது நன்றாகப் பொருந்தவும் செய்கிறது. ஆனால் எது முந்தி என்று கேட்டால் நான் தயங்காமல் கோதைதான் என்பேன். ஆண்டாளின் காலத்தைப் பொதுவாக எட்டாம், ஒன்பதாம் நூற்றாண்டு என்று வைக்கிறார்கள். அதற்குப் பல நூற்றாண்டு முன்னாலேயே சங்கப் பாட்டில் மாலை என்ற பொருளில் கோதை தாராளமாகப் புழங்குகிறது. கோதா என்பது பிறகு வடமொழியில் அவரைப் போற்றியவர்கள் எழுதிய வடிவம்.

அதோடு அவரே தன்னை என்னவென்று சொல்லிக்கொள்கிறார் என்று பாருங்கள். திருப்பாவையின் முப்பதாவது பாசுரத்தில் 'பட்டர்பிரான் கோதை சொன்ன' என்று வருகிறது. நாச்சியார் திருமொழியில் 'விட்டுசித்தன் கோதை'. பட்டர்பிரானும் விட்டுசித்தனும் அப்பாவின் பெயர்கள். அப்பா பெயர் முன்னால், தன் பெயர் பின்னால், இன்றைக்கு நாம் இனிஷியல் போட்டுக் கையெழுத்திடுகிற மாதிரி! ஆண்டாள் என்ற பெயர் அவர் பாட்டில் எங்கும் இல்லை, அது பின்னால் வந்தவர்கள் கொடுத்தது. இந்தப் பெயரில் எனக்கு இத்தனை பிரியம் இருப்பதற்குக் காரணமே இதுதான். ஒரு பெண் தன் பாட்டின் அடியில் தானே போட்ட கையெழுத்து இது, அது அப்படியே நம் கைக்கு வந்து சேர்ந்திருக்கிறது.

அந்தப் பெயருக்குள்ளேயே அவர் கதையும் இருக்கிறது. பெருமாளுக்குக் கட்டிய மாலையைத் தான் சூடிப் பார்த்துவிட்டுக் கொடுத்தவள், பெயரும் மாலை. பாட்டுகளையும் மாலை என்றே சொல்கிறார், 'சங்கத் தமிழ்மாலை முப்பதும்' என்று. கிருஷ்ணதேவராயர் பதினாறாம் நூற்றாண்டில் இவர் கதையைத் தெலுங்கில் காவியமாக எழுதியபோது வைத்த தலைப்பு ஆமுக்தமால்யதா, சூடிய மாலையைக் கொடுத்தவள் என்று பொருள். திருப்பதி பிரம்மோற்சவத்துக்கு இன்றும் ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து ஆண்டாள் சூடிய மாலை போகிறது.

கோதா என்ற வடிவத்தையும் குறைத்துச் சொல்லவில்லை. வைணவ ஆசாரியர் வேதாந்த தேசிகர் ஆண்டாளைப் போற்றி 29 சுலோகத்தில் கோதா ஸ்துதி பாடினார். அதில் ஒரு சுலோகம் முழுக்க ஆற்றின் பெயர்களை வைத்து விளையாடுவார்: சோணை, துங்கபத்ரை, சரஸ்வதி, விரஜை, கோதா, நர்மதை. கோதா என்பது கோதாவரிக்கும் பெயர் என்பதால் அந்த விளையாட்டு அமைகிறது. கோதையில் அது வராது. ஆக இரண்டு பெயருக்கும் தனித்தனி அழகு உண்டு, ஒன்றை இன்னொன்றின் சிதைவு என்று மட்டும் சொல்லாதீர்கள்.

அக்கா, கோதை என்று ராஜா ஒருவர் இருந்ததாக என் மகன் பாடத்தில் படித்தேன். ஆம்பளைப் பெயரா இது?

ஆமாம், இருந்தார்! ஒருவர் இல்லை, பலர். சேர மன்னர்களுக்கு அது பெயர். புறநானூற்றில் சேரமான் கோக்கோதை மார்பன் என்ற அரசனைப் பொய்கையார் பாடிய பாட்டு, 48ஆவது:

'கோதை மார்பின் கோதையானும்
கோதையைப் புணர்ந்தோர் கோதையானும்'

முதல் கோதை அரசன், அவன் மார்பில் கிடக்கும் மாலை அடுத்த கோதை. இரண்டாம் அடியில் அதே அரசனைத் தழுவிய பெண்கள் சூடிய மாலை. இந்த மாலைகளாலும் கழியில் மலர்ந்த நெய்தலாலும் சேரர் துறைமுகமான தொண்டியே தேன் மணக்கிறது என்று பாட்டு போகும். ஆண் மார்பிலும் கோதைதான், பெண் சூடியதும் கோதைதான். தார் ஆணுக்கு, கோதை பெண்ணுக்கு என்ற பிரிவு எப்போதும் நிற்காது என்று மேலே சொன்னது இதனால்தான்.

சேரமான் கோட்டம்பலத்துத் துஞ்சிய மாக்கோதை என்று இன்னொருவர். மனைவியைச் சிதையில் வைத்துவிட்டு, அவள் போய்விட்டாள், நான் இன்னும் உயிரோடு இருக்கிறேனே, இது என்ன இயல்பு என்று அவர் பாடியது புறநானூறு 245. வகுப்பில் அதை நடத்தும்போது ஒவ்வொரு வருடமும் எனக்குக் குரல் அடைக்கும். மாக்கோதை என்ற பெயர் தமிழ் பிராமி எழுத்தில் பொறித்த வெள்ளிக்காசும் கரூரில் கிடைத்திருக்கிறது, தலை உருவத்தோடு. குட்டுவன் கோதை என்று பொறித்த காசும் உண்டு. அப்புறம் சுந்தரர் பாடிய மகோதை, அதாவது இன்றைய கொடுங்கல்லூர்ப் பக்கம், அதுவும் சேரர் ஊர்.

பிற்காலத்தில் பெயர் முழுக்கப் பெண்கள் பக்கம் வந்துவிட்டது. ஆண்டாளின் புகழ்தான் அதற்குப் பெரிய காரணம் என்று நினைக்கிறேன்.

அகராதியில் 'உடும்பு' என்று போட்டிருக்கிறது, மேடம். பார்த்ததும் மாமியார் வேண்டாம் என்றுவிட்டார்.

மாமியாரிடம் இதைக் காட்டுங்கள். அது வேறு சொல். வடமொழியில் 'கோதா' என்று அழுத்தி உச்சரிக்கும் தகரத்தோடு இன்னொரு சொல் இருக்கிறது, மேலே சொன்ன ஆண்டாளின் கோதா அல்ல. அதற்கு உடும்பு என்றும், வில்லாளி கையில் நாண் படாமல் இருக்கக் கட்டும் தோல் உறை என்றும் பொருள். அது தமிழுக்கு வந்தபோது நம்மிடம் ஒரே தகரம்தான் என்பதால் கோதை என்றே எழுத வேண்டியதாயிற்று. அதனால் மாலையும் உடும்பும் அகராதியில் ஒரே தலைப்பின் கீழ் வந்து உட்கார்ந்துவிட்டன. 'மாலை' என்றால் சாயங்காலமும்தான், அதற்காக யாரும் கல்யாணத்தில் மாலை மாற்றாமல் இருப்பதில்லை.

'கோது' என்றால் குற்றம், சக்கை என்று அர்த்தமாம். அதிலிருந்து வந்ததா?

இல்லை. 'கோதில்லாத' என்று சொல்கிறோமே, அந்தக் கோது தனிச்சொல். இதற்கும் அதற்கும் தொடர்பில்லை.

பாப்பா ஆடிப்பூரத்தில் பிறந்தாள், அதனால் கோதை என்று வைக்க ஆசை. ஆனால் பூர நட்சத்திரத்துக்கு 'கோ' வராது என்கிறார்கள். என்ன செய்வது அக்கா?

வழக்கமான அட்டவணைப்படி பூரத்துக்கு மோ, ட, டி, டு. 'கோ' என்ற எழுத்து புனர்பூசத்துக்கும் வருகிறது, சதயத்துக்கும் வருகிறது. இரண்டு இடத்தில் ஏன் என்றால், அட்டவணை வடமொழி ஒலிப்படி அமைந்தது. புனர்பூசத்தில் இருப்பது மெல்ல ஒலிக்காத 'கோ', சதயத்தில் இருப்பது 'கோவிந்தன்' என்பதில் வருகிற 'கோ'. தமிழில் எழுதும்போது இரண்டும் ஒன்றாகிவிடுகின்றன.

ஆனால் நீங்கள் யோசிக்க வேண்டியது ஒன்றுதான். ஆடிப்பூரத்தில் பிறந்த ஆண்டாளுக்கே பெரியாழ்வார் வைத்த பெயர் கோதை. இதற்கு மேல் உங்களுக்கு யார் அனுமதி கொடுக்க வேண்டும்? வீட்டில் மனம் ஒப்பவில்லை என்றால் எழுத்துக்கு ஒரு பெயரைக் காதில் சொல்லிவிட்டு, கூப்பிடக் கோதை வையுங்கள். நிறைய குடும்பத்தில் அப்படித்தான் செய்கிறார்கள்.

நாங்கள் வைணவர்கள் இல்லை, கோயிலுக்கே அதிகம் போகாத குடும்பம். இது சமயப் பெயராகத் தெரியுமோ?

தனியாகக் 'கோதை' என்றால் பலருக்கும் ஆண்டாள் நினைவு வரும், அது உண்மை. பூங்கோதை, மலர்க்கோதை, தமிழ்க்கோதை என்றால் அந்த நினைவு வராது, தமிழ்ப் பெயர் என்றுதான் எடுத்துக்கொள்வார்கள். கோதை நாச்சியார், கோதைநாயகி என்றால் நேராக ஆண்டாள்தான். நீங்கள் எந்தப் பக்கம் நிற்க விரும்புகிறீர்களோ அதற்கேற்ற அடைமொழியைச் சேர்த்துக்கொள்ளலாம். ஒன்று மட்டும், 'பூகோதை' என்று எழுதாதீர்கள். பூங்கொடி, பூங்காற்று மாதிரி இங்கேயும் நடுவில் 'ங்' வர வேண்டும்.

ஆங்கிலத்தில் எப்படி எழுதுவது? பாஸ்போர்ட்டுக்காகக் கேட்கிறேன், அண்ணன் பெண்ணுக்கு.

கே, ஓ, டி, ஹெச், ஏ, ஐ. இதைத்தான் நான் சொல்வேன். சொல்லின் நடுவில் வரும் தகரம் மெல்ல ஒலிக்கும், அதனால் 'டி'க்குப் பக்கத்தில் 'ஹெச்' கட்டாயம். 'ஹெச்' விட்டுப்போனால் படிப்பவர் கோடை என்று படிப்பார், கொடைக்கானல் நினைவில் கொடை என்றும் படிப்பார். என் பாட்டியின் பத்திரம் ஒன்றில் இப்படித்தான் ஆயிற்று. ஆங்கிலத்தில் இருந்ததைப் பார்த்து யாரோ தமிழில் 'கோடை' என்று ஏற்றிவிட்டார்கள், அதைத் திருத்தப் பாட்டி ஓர் அலுவலகத்துக்கு மாதக்கணக்கில் நடந்தார். 'டி'க்குப் பதில் 'தமிழ்' என்று எழுதும்போது போடும் அந்த முதல் எழுத்தைப் போட்டு 'ஹெச்' சேர்ப்பவர்களும் நிறைய, அதுவும் தப்பில்லை. எதை எடுத்தாலும் பிறப்புச் சான்றிதழில் என்ன போடுகிறீர்களோ அதையே கடைசி வரை போடுங்கள்.

பழைய காலத்துப் பெயர் என்று கணவர் வீட்டில் முகம் சுளிக்கிறார்கள். பள்ளியில் 'போதை' என்று கேலி செய்வார்களாம்.

கேலியை மறைக்க மாட்டேன், அது வரும். எதுகைக்கு ஒரு சொல் கிடைத்தால் பிள்ளைகள் விடமாட்டார்கள், என் வகுப்பிலேயே கேட்டிருக்கிறேன். ஆனால் அப்பாவின் பெயர் சொல்லிக் கையெழுத்துப் போட்ட கவிஞரின் கதையை ஐந்து வயதிலேயே சொல்லி வளர்த்த பிள்ளை அந்தக் கேலியில் சுருண்டுபோவதை நான் பார்த்ததில்லை.

பழசு என்பதற்கு ஒரு பதில். வை.மு. கோதைநாயகி அம்மாள், 1901இல் பிறந்து 1960இல் மறைந்தவர், நூற்றுக்கும் மேல் நாவல் எழுதினார், ஜகன்மோகினி என்ற பத்திரிகையைத் தானே நடத்தினார், விடுதலைப் போராட்டத்தில் சிறைக்கும் போனார். பெண்கள் வீட்டை விட்டு வெளியே வருவதே பெரிது என்றிருந்த காலத்தில் இதெல்லாம். பழைய பெயர்தான், அந்தப் பெயரை வைத்திருந்தவர் பழைய மாதிரி இருக்கவில்லை.

வீட்டில் சுருக்கி எப்படிக் கூப்பிடலாம்?

இரண்டே எழுத்து. இதில் சுருக்க என்ன இருக்கிறது? கோதை என்றே கூப்பிடுங்கள், கொஞ்சம் இழுத்து. என் தாத்தா திண்ணையிலிருந்து கூப்பிட்டால் கொல்லையில் இருக்கும் பாட்டிக்குக் கேட்கும்.