கர்ப்பம் என்று தெரிந்ததும் வேலையை விட்டு நிறுத்தினால், வழக்குப் போட்டு என்ன கிடைக்கும்?

மாதவரத்தில் ஒரு குடோனில் ஆறு வருடம் வேலை செய்தும், கர்ப்பம் என்று தெரிந்த மறுநாளே "இனி வர வேண்டாம்" என்று வாயால் சொல்லி அனுப்பிவிட்டார்கள், கோர்ட்டுக்குப் போனால் பலன் உண்டா என்று கேட்டிருக்கிறீர்கள். எனக்கும் இதே நடந்தது. 2016இல், மணலி பக்கம் ஒரு கன்டெய்னர் யார்டில் பில் போடும் வேலை. அப்போது எனக்கு ஐந்தாம் மாதம்.

பலன் உண்டு. ஆனால் நீங்கள் நினைக்கிற வழியில் வராது. தனியார் முதலாளி பாகுபாடு காட்டினார் என்று பொதுவாக வழக்குப் போட நம் நாட்டில் தனிச்சட்டம் இல்லை. முதல் கர்ப்பத்தோடு வேலை போகும் என்ற ஏர் இந்தியா விதியை 1981இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அது அரசு நிறுவனம் என்பதால் அரசியலமைப்பின் 14ஆம் பிரிவு கைகொடுத்தது. நமக்கு வேறு வாசல்தான்: சட்டப்படி செய்ய வேண்டியதைச் செய்யாமல் வேலையை விட்டு நிறுத்தினார்கள் என்ற வழக்கு.

எங்கள் தெரு யூனியன் அண்ணன்தான் அதைக் காட்டினார். "கர்ப்பம்னுதான் நிறுத்தினாங்கன்னு எப்படிம்மா நிரூபிப்ப? நீயா நின்னுட்டேன்னு சொல்லிடுவாங்க" என்றார். அன்றைக்கே ஒரு கடிதம் எழுத வைத்தார். இன்ன தேதியில் கேட்டிலேயே நிறுத்திவிட்டீர்கள், நான் வேலைக்கு வரத் தயார், அவ்வளவுதான். தண்டையார்பேட்டையில் பதிவுத் தபாலில் போட்டேன். ஒப்புகை அட்டை கம்பெனி சீல் குத்தித் திரும்பி வந்தது.

தொழிலாளர் துறையில் சமரசப் பேச்சு முறிந்து, வழக்கு தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போனது. யூனியன் அண்ணன் சொன்னபடியே, "மனுதாரர் தாமாகவே வேலையை விட்டுவிட்டார்" என்று கம்பெனி எதிர்மனு போட்டது. குறுக்கு விசாரணையில் என் வக்கீல் அம்மா அந்த அட்டையை நீட்டி, தானாக நின்றவர் நான்காம் நாளே ஏன் வேலை கேட்டு எழுதினார் என்று கேட்டார். மேனேஜர் அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாரே தவிர, பதில் சொல்லவில்லை.

2019இல் தீர்ப்பு. ஒரு வருடத்தில் 240 நாள் வேலை செய்தவரை ஒரு மாத நோட்டீஸும், வருடத்துக்கு 15 நாள் சம்பளம் என்ற கணக்கில் இழப்பீடும் தராமல் நிறுத்தியது செல்லாது. மீண்டும் வேலை, பணித்தொடர்ச்சி, பாதிச் சம்பளப் பாக்கி. கர்ப்பம் ஒரே ஒரு பத்தியில் வந்தது, அதுவும் நடந்ததைச் சொல்லும் இடத்தில். ஜெயித்த அன்றைக்கு பாரிமுனை பஸ் நிறுத்தத்தில் நின்று அழுதேன். என்னை எதற்காக நிறுத்தினார்கள் என்பதை யாராவது எழுத்தில் சொல்ல வேண்டும் என்றுதானே மூன்று வருடம் அலைந்தேன்.

கம்பெனி உயர் நீதிமன்றம் போனது. அங்கே வழக்கு நடக்கும் காலத்துக்குக் கடைசியாக வாங்கிய சம்பளத்தை மாதாமாதம் தர வேண்டும் என்று அப்போதைய தொழில் தகராறு சட்டத்தின் 17பி பிரிவில் உத்தரவு வாங்கினோம். அதற்குப் பிறகுதான் அவர்கள் பேச்சுக்கு வந்தார்கள். 2021இல் ஒரு தொகை வாங்கிக்கொண்டு முடித்தேன். பையனுக்கு நான்கு வயது தாண்டியிருந்தது. திரும்ப அந்த கேட்டுக்குள் போக மனம் வரவில்லை.

உங்களுக்கு: 2025 நவம்பர் 21 முதல் புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் அமலில் உள்ளன. தனிநபர் பணிநீக்கத்துக்கு எதிராகத் தொழிலாளர் நீதிமன்றம் போக முன்பு 3 வருடம் இருந்தது, இப்போது சமரசத்துக்குக் கொண்டுபோகவே 2 வருடம்தான். பிரசவம் முடியட்டும், அப்புறம் பார்க்கலாம் என்று விட்டுவிடாதீர்கள். சம்பளத்தில் இ.எஸ்.ஐ. பிடித்திருந்தால், வேலை போனதால் பேறுகாலப் பணமும் போயிற்று என்று நினைக்காமல் இ.எஸ்.ஐ. அலுவலகத்தில் கேளுங்கள். வக்கீல் செலவுக்கும் பயப்பட வேண்டாம். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் சட்டப்பணிகள் ஆணைக்குழு இலவச உதவி தரும்.

சரி, முதலில் அந்தக் கடிதம். பதிவுத் தபாலை 2025 செப்டம்பரில் விரைவுத் தபாலோடு சேர்த்துவிட்டார்கள், அதனால் கவுண்டரில் ஒப்புகையோடு வேண்டும் என்று கேட்டு வாங்குங்கள். ரசீதை இன்றே போட்டோ எடுத்து வீட்டில் இன்னொருவர் போனிலும் வையுங்கள்.