பள்ளியில் கலைச் சிகிச்சை உண்மையில் பயன் தருமா? ஓவிய ஆசிரியரே அதை நடத்தலாமா?

பயன் தரும். கலைச் சிகிச்சை என்பது வரைதல், களிமண் வேலை போன்றவற்றின் வழியாக மனக்கஷ்டத்தில் இருக்கும் குழந்தைக்கு உதவுவது. ஆனால் குழந்தை வரைந்த படத்தை ஜாதகம்போல் கணிக்கத் தொடங்கினால் கெடுதல்தான். நான் ஓவிய ஆசிரியை. வாரம் ஒருநாள் பள்ளிக்கு வரும் கலைச் சிகிச்சையாளருடன் ஒரே அறையில் ஆறு ஆண்டுகள் வேலை செய்திருக்கிறேன்.

மூன்றாம் வகுப்புச் சிறுவன் ஒருவன். பெற்றோர் பிரிந்திருந்த நேரம். களிமண்ணில் ஏதாவது ஒரு மிருகம் செய்வான்; மணி அடிப்பதற்குள் உள்ளங்கையால் நசுக்கி மறுபடி உருண்டையாக்கிவிடுவான். நான்கு வாரம் இதேதான். ஐந்தாம் வாரம் காதும் வாலும் அத்தனை தெளிவாக வந்திருந்தன. மனம் கேட்காமல், "இதையாவது வைத்துக்கொள்ளேன், கண்ணா" என்றேன். அவன் கை அப்படியே நின்றது. அடுத்த வாரம் களிமண்ணைத் தொடவே இல்லை. சிகிச்சையாளர் பிறகு என்னிடம் சொன்னார்: "வைப்பதா, அழிப்பதா என்பது மட்டும்தான் இப்போது அவன் கையில் இருக்கிறது. அதை ஏன் வாங்கிக்கொண்டீர்கள்?" அவன் மறுபடி களிமண்ணை எடுக்க மூன்று வாரம் ஆயிற்று. அந்த மிருகம் என்னவென்று நாங்கள் கேட்கவில்லை.

கருப்பு அடித்தால் சோகம், வீட்டுக்குக் கதவு வரையாவிட்டால் பயம் என்று உலவும் பட்டியல்களைத் தயவுசெய்து நம்பாதீர்கள். கருப்பு மெழுகுக்கட்டி மட்டும் கைக்கு எட்டியிருக்கலாம். "இது என்ன?" என்று கேட்டால் குழந்தை சரியான விடையைத் தேடும். "இதைப் பற்றிச் சொல்கிறாயா?" என்று கேட்டுவிட்டுக் காத்திருங்கள், சொல்லாவிட்டாலும் குறையில்லை. மதிப்பெண், பாராட்டு, சுவரில் ஒட்டுவது எதுவும் அங்கே வேண்டாம். வரையக் கொடுக்கும் பொருளும் முக்கியம். பென்சில் சொன்னபடி கேட்கும். நீர்வண்ணம் ஓடும், பரவும். ஏற்கெனவே தத்தளிக்கும் குழந்தைக்கு எடுத்த எடுப்பில் நீர்வண்ணத்தைக் கொடுக்காதீர்கள்.

எனக்கு அடிக்கடி நினைவுக்கு வருபவர் ஃப்ரீடில் டிக்கர்-பிராண்டைஸ் என்ற யூத ஓவியர். நாஜிகள் 1942இல் அவரை, இன்றைய செக் நாட்டில் யூதர்களை அடைத்து வைத்திருந்த தெரேசின் முகாமுக்கு அனுப்பினார்கள். அங்கே அடைபட்டிருந்த குழந்தைகளுக்கு, கிடைத்த காகிதத்தில் ஓவியம் கற்பித்தார். ஒவ்வொரு படத்திலும் வரைந்தவர் தம் பெயரை எழுத வேண்டும் என்பது அவர் வழக்கம். எண்ணாகிப்போன பிள்ளைகளுக்கு அது எத்தனை பெரிய விஷயம்! 1944இல் அவர் ஆஷ்விட்ஸ் மரண முகாமில் கொல்லப்பட்டார். பெட்டிகளில் ஒளித்து வைத்த சுமார் 4,500 படங்கள் தப்பின. அவருடைய மாணவி எடித் கிராமர்தான் பின்னாளில் நியூயார்க்கில் குழந்தைகளுக்கான கலைச் சிகிச்சையை வளர்த்தெடுத்தவர்களில் ஒருவர்.

ஆசிரியரே நடத்தலாமா? அமைதியாக வரையும் நேரத்தை எந்த ஆசிரியரும் தரலாம், தர வேண்டும். சிகிச்சை என்பது வேறு. அதற்குத் தனிப் பயிற்சியும் மேற்பார்வையும் வேண்டும். பிரிட்டனில் பதிவு பெறாதவர் 'கலைச் சிகிச்சையாளர்' என்று சொல்லிக்கொள்ளவே சட்டம் இடம்தராது. நீங்கள் ஆசிரியர் என்றால், தூக்கம், சாப்பாடு, நட்பு எல்லாம் பல வாரம் குலைந்திருக்கும் குழந்தையைப் பயிற்சி பெற்றவரிடம் அனுப்புங்கள்.

இன்னொன்று. யாராவது துன்புறுத்துவதாகக் குழந்தை வரைந்தாலோ சொன்னாலோ துருவாதீர்கள். அன்றைக்கே பள்ளியில் குழந்தைப் பாதுகாப்புக்குப் பொறுப்பானவரிடம் சொல்லிவிடுங்கள். "யாரிடமும் சொல்லமாட்டேன்" என்று வாக்குக் கொடுக்கவே கூடாது. "உன்னைப் பாதுகாக்க வேண்டியிருந்தால் மட்டும் ஒருவரிடம் சொல்வேன்" என்று முதல் நாளே, காகிதத்தைக் கையில் கொடுக்கும்போதே சொல்லிவிடுங்கள்.